ஜாக்கி நழுவும் இடம்

ஏ. ஐ. பெஸெரிடிஸ் எழுதிய இரண்டு படங்களில், நிக் என்ற பெயருள்ள இரண்டு பேர் வண்டிக்கு அடியில் மாட்டுகிறார்கள். 'தீவ்ஸ் ஹைவே'யில் (1949) ராத்திரி ரோட்டோரம் டயர் மாற்றும்போது ஜாக்கி நழுவி லாரி மேலே இறங்குகிறது. வழியில் வந்த இன்னொரு லாரிக்காரன் காப்பாற்றுகிறான். 'கிஸ் மீ டெட்லி'யில் (1955) மெக்கானிக் நிக் காருக்கு அடியில் வேலை செய்துகொண்டிருக்க, ஒருவன் வந்து ஜாக்கியை இறக்கிவிடுகிறான். முதலாவது விபத்து, இரண்டாவது கொலை. ஆனால் இரண்டையும் எழுதிய ஆளுக்கு ஜாக்கி என்றால் என்னவென்று நன்றாகத் தெரியும்.

1908இல் துருக்கியின் சாம்சுனில் பிறந்தவர். கிரேக்கத் தகப்பன், ஆர்மீனியத் தாய். வளர்ந்தது கலிஃபோர்னியாவின் ஃபிரெஸ்னோவில், பழத்தோட்டங்களுக்கும் லோடு லாரிகளுக்கும் நடுவே. பெர்க்லியில் படித்தது எலக்ட்ரிக்கல் இன்ஜினியரிங். 1938இல் வந்த 'லாங் ஹால்' நாவலை வார்னர் பிரதர்ஸ் வாங்கி, 1940இல் 'தே டிரைவ் பை நைட்' என்று எடுத்தது. திரைக்கதை வேறு இருவருடையது. லாரி ஓட்டும் அண்ணன் தம்பியில், தம்பி தூக்கக் கலக்கத்தில் லாரியைக் கவிழ்த்துக் கையை இழப்பது வரை பெஸெரிடிஸின் உலகம். பின்பாதியில் வரும் கொலையும் கோர்ட்டும் 1935இல் அதே கம்பெனி எடுத்த 'பார்டர்டவுன்' படத்திலிருந்து தூக்கி வைத்தவை. ஒட்டுப்போட்ட இடம் அப்படியே தெரியும்.

'தீவ்ஸ் ஹைவே' அவருடைய சொந்த நாவல், திரைக்கதையும் அவரே. இயக்கம் ஜூல்ஸ் டாசின். இரண்டு லாரி ஆப்பிள் சான்பிரான்சிஸ்கோ மண்டிக்குப் போகிறது. ஒன்றில், இன்ஜின் சுழற்சியைச் சக்கரத்துக்குக் கொண்டுபோகும் தண்டின் இணைப்பான யுனிவர்சல் ஜாயிண்ட் தேய்ந்து கிடக்கிறது. சமதரையில் அதைச் சமாளித்துவிடலாம். இறக்கத்தில் அது விட்டுப்போனால் இன்ஜினுக்கும் சக்கரத்துக்கும் தொடர்பே அறுந்துவிடும், கியரின் பிடி கிடைக்காது. முழு லோடையும் பிரேக் ஒன்றே தாங்கவேண்டும், அது சூடேறிக் கைவிடும். லாரி பள்ளத்தில் விழுந்து எரிகிறது, ஆப்பிள்கள் சரிவில் உருண்டுகொண்டே இருக்கின்றன. இன்னொரு லாரி மண்டிக்கு வந்து சேர்ந்துவிடுகிறது. அங்கே மண்டிக்காரன் ஃபிக்லியாவின் ஆட்கள் டயரைக் கிழித்துவிடுகிறார்கள். நகர முடியாத லாரியில் அழுகும் சரக்கு இருந்தால் பேரம் யார் கையில் இருக்கும்? வில்லத்தனத்தை இவ்வளவு கணக்காகக் காட்டிய படங்கள் குறைவு. கடைசியில் போலீஸ்காரர் செய்யும் உபதேசம் மட்டும் ஸ்டுடியோ தலைவர் ஜானக் சேர்த்த வால். அதைக் கண்டுகொள்ள வேண்டாம்.

'கிஸ் மீ டெட்லி'யின் மூலம் மிக்கி ஸ்பிலேன் நாவல். அதில் எல்லோரும் தேடுவது போதைமருந்தை. பெஸெரிடிஸ் அதைத் தூக்கிவிட்டு, தொட்டால் சுடுகிற ஒரு பெட்டியை வைத்தார். தோல்வார் கட்டிய அந்தப் பெட்டியைத் துப்பறிவாளன் ஹாமர் லேசாகத் திறந்ததுமே மணிக்கட்டு வெந்துபோகிறது. உள்ளே இருப்பது என்னவென்று ஒரு அதிகாரி மூன்றே பெயர்களில் சொல்லிவிடுகிறார்: மன்ஹாட்டன் புராஜெக்ட், லாஸ் அலாமோஸ், டிரினிட்டி. மூன்றும் முதல் அணுகுண்டைச் சேர்ந்த பெயர்கள். அதற்குமேல் விளக்கம் கிடையாது. நியூயார்க் கதை லாஸ் ஏஞ்சல்ஸுக்கு இடம் மாறியது. ஹாமரும் நாயகன் என்று சொல்ல முடியாத முரடனாக மாறினான். தடயம் தேடிப் போன இடத்தில் ஒரு கிழவரின் ஆபரா இசைத்தட்டை, அவர் கண்ணெதிரே, படக்கென்று ஒடிக்கிறான்.

பெஸெரிடிஸ் பின்னாளில் 'தி பிக் வேலி' (1965) டிவி தொடரை உருவாக்கியவர்களில் ஒருவர். இறந்தது 2007இல்.

பார்க்கப்போகிறவர்களுக்கு ஒன்று. 'கிஸ் மீ டெட்லி'யில் வீடு வெடித்ததோடு படம் சட்டென்று முடிந்தால் அது வெட்டுப்பட்ட பிரதி. ஹாமரும் அவன் செகரட்டரி வெல்டாவும் தள்ளாடிக்கொண்டு கடலுக்குள் இறங்குவது இருக்கவேண்டும். அந்த ஒரு நிமிடச் சொச்சம் 1997இல்தான் மீண்டும் சேர்க்கப்பட்டது.