பாரிஸுக்கு வந்த புகாரெஸ்ட்காரர்

பிரான்சில் எனக்கு மொழி சொல்லித் தந்தது பாதி வகுப்பு, மீதி தொலைக்காட்சி. விடுமுறை நாள் என்றால் நகைச்சுவை நடிகர்களான லூயி த ஃப்யூனெஸ் படமோ பியர் ரிஷார் படமோ ஏதாவது ஒரு சேனலில் கட்டாயம் ஓடும். வசனம் பிடிபடாத காலத்தில் எந்த இடத்தில் சிரிக்க வேண்டும் என்பதை இசைதான் காட்டிக்கொடுக்கும். அந்தப் படங்களின் எழுத்தோட்டத்தில் இசையமைப்பாளராக அடிக்கடி வந்த பெயர் விளாதிமிர் கொஸ்மா. பிரெஞ்சுப் பெயர் மாதிரித் தெரியவில்லையே என்று தேடினேன். அவரும் வெளியிலிருந்து வந்து சேர்ந்தவர்தான்.

1940இல் ருமேனியத் தலைநகர் புகாரெஸ்டில் பிறந்தவர். வீடே இசை வீடு. அப்பா பியானோ வாசிப்பார், இசைக்குழு நடத்துவார். மகன் அந்த ஊர் இசைக்கல்லூரியில் வயலினுக்கும் இசையமைப்புக்கும் முதல் பரிசு வாங்கினார். அதெல்லாம் இருந்தும், 1963இல் பாரிஸ் வந்ததும் மறுபடி மாணவராகிவிட்டார். பேர்பெற்ற இசை ஆசிரியை நாடியா பூலான்ஜேயிடம் பாடம் கேட்டார். வயலினைத் தூக்கிக்கொண்டு கச்சேரி கச்சேரியாகவும் போனார். ஊரில் ஆசிரியராக இருந்துவிட்டு இங்கே கோப்பை கழுவியவர்களுக்கு இந்த இடத்தை நான் விளக்கத் தேவையில்லை.

முதல் படமும் நம் ஆட்களுக்கு வேலை கிடைக்கிற வழியில்தான் வந்தது. பிரெஞ்சு இசையமைப்பாளர் மிஷேல் லெக்ரானுக்கு இசைக்கோர்ப்பு எழுதிக் கொடுத்துக்கொண்டிருந்தார் கொஸ்மா. இயக்குநர் ஈவ் ரொபேர் வந்து கேட்டபோது லெக்ரானுக்கு நேரமில்லை, இவரைக் கைகாட்டிவிட்டார். 1968இல் அந்தப் படம் வெளிவந்தது. பிறகு ரொபேர் இவரை விடவேயில்லை.

1972இல் இருவரும் சேர்ந்து செய்த உளவுத்துறை நகைச்சுவைப் படம்தான் எனக்கு முக்கியம். ஒற்றைக் காலில் மட்டும் கறுப்புச் சப்பாத்துப் போட்ட நெட்டை பொன்முடிக்காரனாக பியர் ரிஷார் வருவாரே, அது. ஜேம்ஸ் பாண்ட் இசையைக் கிண்டலடிக்கிற மாதிரி ஏதாவது போதும் என்பதுதான் இயக்குநரின் எண்ணம். கொஸ்மாவோ குழாய்களை வரிசையாகச் சேர்த்துக் கட்டிய ருமேனியாவின் பான் குழலைக் கொண்டுவந்து வைத்தார். வாசித்தவர் கியோர்கே சாம்ஃபிர். கூடவே கம்பிகளைச் சிறு கோல்களால் தட்டி வாசிக்கிற சிம்பலம். கிழக்கைரோப்பியக் கிராமத்து ஒலி, பாரிஸ் தெருவில் நடக்கிற ஒரு கூத்துக்கு. பொருந்தாது என்றுதான் யாரும் நினைப்பார்கள். எனக்கு அந்தப் படத்தில் முதலில் ஞாபகம் வருவதே அந்தக் குழல்தான்.

மெட்ரோவில் சத்தமாகத் தமிழ் கதைக்காதே என்று பிள்ளைகளை அடக்குகிற கூட்டம் நாங்கள். வந்து பத்து வருடமும் ஆகாத ஒருவர் தன் ஊர் ஓசையை வெள்ளித்திரையின் நடுவிலேயே வைத்துவிட்டாரே என்று எனக்கு இன்னமும் பொறாமைதான். என்னோடு வேலை செய்த ஒரு பிரெஞ்சுக்காரர் அந்த மெட்டை விசிலடிப்பார். அது ருமேனியக் குழல் என்றேன், அவர் நம்பவில்லை.

அதற்காக அவர் குழலோடே நின்றுவிடவும் இல்லை. 1980இல் 'லா பூம்' படத்துக்குப் போட்ட 'ரியாலிட்டி' பாட்டு பிரான்சைத் தாண்டி எங்கெல்லாமோ ஓடியது. மறு வருடம் வந்த 'தீவா'வில் விடிகாலைப் பாரிஸில் இருவர் நடந்து போவார்கள், பின்னால் தனிப் பியானோ. என் கணக்கில் அவருடைய வேலையில் அதுதான் உச்சம். அதற்கு பிரெஞ்சு சினிமாவின் செசார் விருது கிடைத்தது. வசனமே இல்லாமல் ஒரு நடன மண்டபத்துக்குள்ளேயே நடக்கும் எத்தொரே ஸ்கோலாவின் 'லெ பால்' இரண்டாவது செசாரைக் கொண்டுவந்தது.

2007இல் செய்ததுதான் பெரிய துணிச்சல். மார்செய்க்காரர்கள் தங்கள் சொத்தாக நினைக்கிற எழுத்தாளர் மார்செல் பான்யோலின் கதையை எடுத்து, 'மரியுஸ் எ ஃபன்னி' என்று ஓபரா எழுதி, மார்செய் ஓபராவிலேயே மேடையேற்றினார். மரியுஸாக ரொபெர்த்தோ அலாஞா. அந்த ஊர்ப் பெண் ஃபன்னியாக நின்று பாடியவர் ஆஞ்சலா கியோர்கியு, அவரும் ருமேனியாக்காரி!