14 சம்பளம், 5 வரி அட்டவணை

ஸ்பெயின் சம்பளக் கணக்கு என் கைக்கு வந்தபோது நான் சென்னையில் இருந்தேன். ஐரோப்பியக் கிளைகளுக்கெல்லாம் மாதா மாதம் சம்பளம் போட்டு அனுப்பும் ஷேர்டு சர்வீஸ் அலுவலகம் அது. ஜெர்மனியைக் கேட்டு வாங்கியவர்கள் உண்டு, நெதர்லாந்துக்குப் போட்டியே இருந்தது. ஸ்பெயினை மட்டும் யாரும் தொட மாட்டார்கள். "வருஷத்துக்கு 14 சம்பளம், அஞ்சு விதமான வரி, ஊருக்கு ஒரு லீவு லிஸ்ட்" என்று சொல்லியே என் தலையில் கட்டினார்கள். சில வருடங்களில் மாட்ரிட் கிளைக்கே மாற்றல் வந்தது. அந்த நாட்டின் அரசியலில் நான் தெரிந்துகொண்டதில் பெரும்பகுதி, பேரோல் மென்பொருளின் ஒவ்வொரு கட்டத்தையும் பார்த்து 'இது ஏன் இப்படி இருக்கிறது?' என்று கேட்டுக் கேட்டு வந்ததுதான்.

முதலில் அந்த 14. பன்னிரண்டு மாதச் சம்பளம் போக, கோடையில் ஒன்று, கிறிஸ்துமஸுக்கு ஒன்று. கோடையில் வருவதை வயதானவர்கள் இன்னும் 'ஜூலை 18 சம்பளம்' என்பார்கள். 1936 ஜூலை 17, 18 தேதிகளில்தான் ராணுவத் தளபதிகள் குடியரசுக்கு எதிராகக் கிளம்பினார்கள். ஏறக்குறைய மூன்று ஆண்டு உள்நாட்டுப் போர். 1939 ஏப்ரல் 1 அன்று அவர்களின் தலைவர் ஜெனரல் பிராங்கோ வெற்றி அறிவித்தார். 1975 நவம்பர் 20 அன்று மருத்துவமனைப் படுக்கையில் சாகும்வரை நாற்காலியை விடவில்லை. கலகம் தொடங்கிய நாளையே உழைப்பைப் போற்றும் தேசிய விழாவாக்கினார்கள். தொழிலாளர்களின் மே தினக் கொண்டாட்டம் ஒழிந்தது. 1947இல் அந்த ஜூலை நாளுக்கு ஒரு கூடுதல் சம்பளமும் வந்து சேர்ந்தது.

"பார், நல்லதும் செய்திருக்கிறார்" என்று மதியச் சாப்பாட்டு மேஜையில் ஒருவர் ஆரம்பிப்பார். ஜூன் மாதச் சம்பளச் சீட்டு வந்ததும் வருடம் தவறாமல் வரும் பேச்சு இது. சம்பளக் கணக்கு பார்க்கிறவன் என்ற முறையில் எனக்கு இதில் ஒரு கருத்து உண்டு. 1940களில் அங்கே உண்மைக் கூலி போருக்கு முன்பிருந்ததைவிட வெகுவாகக் குறைந்துபோயிருந்தது. ரேஷன் அட்டை 1952 வரை இருந்தது. அந்த வருடங்களுக்கு 'பசி ஆண்டுகள்' என்றுதான் பெயர். வேலைநிறுத்தம் குற்றம். முதலாளியும் தொழிலாளியும் ஆட்சியின் கீழ் ஒரே சங்கத்தில் இருந்தாக வேண்டும். அது ஒன்றுதான் சங்கம். கூலியை அமுக்கி வைத்துவிட்டு வருடத்துக்கு ஒரு தடவை, அதுவும் தன் கலக நாளின் பெயரில், ஒரு தொகையை நீட்டினால் அதை நன்கொடை என்று எந்தக் கணக்கர் எழுதுவார்? அடிப்படைச் சம்பளத்தை உயர்த்தாமல் 'ஸ்பெஷல் அலவன்ஸ்' கொடுக்கும் நிர்வாகங்களை நான் நிறையப் பார்த்தவன். ஜனநாயகம் வந்த பிறகு 1980இன் தொழிலாளர் சட்டம் இரண்டு கூடுதல் சம்பளங்களையும் உரிமையாக வைத்துக்கொண்டு, ஜூலை 18ஐ மட்டும் கழற்றி எறிந்தது. ஒன்று கிறிஸ்துமஸுக்கு, இன்னொன்று எந்த மாதம் என்பதை ஒப்பந்தத்தில் பேசிக்கொள்ளலாம்.

அந்த மேஜையிலேயே அமர்ந்திருந்த, ஓய்வு பெறும் வயதை நெருங்கிய ஒரு அம்மாள் ஒருநாள் குறுக்கே வந்தார். அவருடைய தாயார் துணிக்கடையில் வேலைக்குச் சேர அப்பா கையெழுத்துப் போட வேண்டியிருந்ததாம். திருமணமான பெண் வேலை ஒப்பந்தம் செய்யவும் வங்கிக் கணக்கு திறக்கவும் கணவனின் அனுமதி வேண்டும் என்ற விதி 1975 மே மாதம்தான் நீங்கியது. பிராங்கோ சாவதற்கு ஆறு மாதம் முன்பு. நாடு ஒன்று, மதம் ஒன்று, மொழி ஒன்று, வீட்டுக்குத் தலைவன் ஒருவன் என்று எல்லாம் ஒரே கயிற்றில் கட்டியிருந்தது. "அதையும் உங்கள் நல்லது பட்டியலில் சேர்த்துக்கொள்ளுங்கள்" என்றார். அன்றைக்கு அதற்கு மேல் யாரும் பேசவில்லை.

அப்புறம் வரி. மென்பொருளில் ஊழியர் ஒருவரைப் புதிதாகச் சேர்க்கும்போது வருமான வரிப் பிடித்தம் யாருக்குப் போகிறது என்று ஒரு கட்டம் கேட்கும். நம்மூர் டிடிஎஸ் போலத்தான். ஆனால் தேர்வுகள் ஐந்து. பொதுப் பகுதி, ஆலவா, பிஸ்காயா, கிபுஸ்கோவா, நவார்ரா. பின்னால் உள்ள நான்கும் வடக்கே இருக்கும் மாகாணங்கள், அவற்றில் முதல் மூன்றும் சேர்ந்ததுதான் பாஸ்க் பகுதி. நான்கும் தங்கள் வருமான வரியைத் தாங்களே வசூலிக்கின்றன. விகிதம் வேறு, அட்டவணை வேறு, தாக்கல் செய்யும் படிவமும் வேறு. எங்கள் பில்பாவோ கிளையில் ஒருவர் காஸ்த்ரோ உர்தியாலெஸ் என்ற கடற்கரை ஊரிலிருந்து தினமும் வருவார். பில்பாவோவிலிருந்து அரை மணி நேரம்தான், ஆனால் பாஸ்க் எல்லையைத் தாண்டிய கந்தாப்ரியாவில் இருக்கிறது. வேலை பிஸ்காயாவில் என்பதால் பிடித்தம் பிஸ்காயா கருவூலத்துக்குப் போகும். வீடு வெளியே என்பதால் ஆண்டுக் கணக்கை அவர் மத்திய வரித்துறைக்குக் காட்ட வேண்டும். இரண்டு அட்டவணைக்கும் நடுவே விழும் வித்தியாசத்தைக் கட்டச் சொல்லி ஓலை வந்ததும் நேராக எனக்குத்தான் போன்.

பாஸ்க் மாகாணங்களுக்கான இந்த ஏற்பாடு 1878இல் தொடங்கியது. 1937 ஜூன் 19 அன்று பில்பாவோ பிராங்கோவின் படைகளிடம் விழுந்தது. நான்கே நாளில், ஜூன் 23 தேதியிட்டு ஒரு ஆணை: பிஸ்காயாவும் கிபுஸ்கோவாவும் குடியரசின் பக்கம் நின்று துரோகம் செய்த மாகாணங்கள், ஆகவே அவற்றின் வரியுரிமை பறிக்கப்படுகிறது. ஆரம்பத்திலேயே கலகத்தோடு சேர்ந்துகொண்ட ஆலவாவுக்கும் நவார்ராவுக்கும் அது அப்படியே இருந்தது. யோசித்துப் பாருங்கள்: நாட்டைப் பிரிக்கவே முடியாத ஒரே உடல் என்று முழங்கிய ஆட்சி, தன் பக்கம் நின்ற இரண்டு மாகாணங்களுக்குத் தனி வரிச் சலுகையை நாற்பது வருடம் தடையில்லாமல் விட்டு வைத்தது. எனக்கு அந்த ஆட்சியின் தேசியம் என்னவென்று புரிந்தது கொடியிலோ கோஷத்திலோ அல்ல, இதில்தான். விசுவாசத்துக்குப் பரிசு, எதிர்ப்புக்கு அபராதம். மேலே போர்த்திய துணிதான் தேசம். பறித்த இரண்டையும் 1981இல் திருப்பிக் கொடுத்தார்கள். மத்திய அரசு தன் வசம் வைத்திருக்கும் பொறுப்புகளுக்கான செலவில் பாஸ்க் பகுதி 6.24 சதவீதம் கட்ட வேண்டும் என்று வைத்த கணக்கு இன்று வரை மாறவில்லை.

கட்டலோனியாவுக்கு இது கிடையாது. பார்சிலோனா கிளையில் என்னோடு வேலை பார்த்த கணக்கர் இதை ஒரு நாளைக்கு ஒரு தடவையாவது ஞாபகப்படுத்துவார். அவருடைய குறை முழுக்கப் பணக் குறையா என்றால் இல்லை. அவருடைய தாத்தா காலத்தில் கட்டலான் மொழி பள்ளியிலும் அலுவலகத்திலும் நுழைய முடியாது. கட்டலோனியாவின் தன்னாட்சிச் சட்டத்தைப் பிராங்கோ 1938இலேயே ரத்து செய்தார். அதன் தலைவர் லூயிஸ் கொம்பான்ஸை நாஜிகள் பிரான்ஸில் பிடித்துக் கொடுக்க, 1940 அக்டோபர் 15 அன்று மொன்யுயிக் கோட்டையில் சுட்டுக் கொன்றார்கள். ஜோர்தி என்று வீட்டில் கூப்பிட்ட பிள்ளையைப் பதிவேட்டில் ஜோர்ஹே என்று ஸ்பானிய மொழியில்தான் எழுத முடியும்; 1977 ஜனவரியில் வந்த சட்டம்தான் அதை மாற்றியது. சம்பளப் பட்டியலில் ஒரு பெயர், மின்னஞ்சலில் இன்னொரு பெயர் என்று இருக்கும் ஐம்பது வயதைத் தாண்டிய ஊழியர்களை நான் சரிபார்த்துச் சலித்திருக்கிறேன்.

ஆனால் பணமும் இருக்கிறது. 2006இல் புதுப்பித்த தன்னாட்சிச் சட்டத்தின் சில பிரிவுகளை 2010இல் அரசியல் சாசன நீதிமன்றம் வெட்டியது. 2012 செப்டம்பரில் கட்டலோனியாவின் அன்றைய தலைவர் ஆர்துர் மாஸ் மாட்ரிட் போய் பாஸ்க் மாதிரி ஒரு வரி ஒப்பந்தம் கேட்டார். அன்றைய பிரதமர் ரஹோய் முடியாது என்றார். பொருளாதார நெருக்கடியில் சம்பளம் வெட்டப்பட்டுக்கொண்டிருந்த நேரம் அது. சுதந்திரம் என்ற பேச்சு அந்தச் சந்திப்புக்குச் சில நாள் முன்பே, செப்டம்பர் 11 அன்று பார்சிலோனா தெருவை நிரப்பியிருந்தது; மறுப்புக்குப் பிறகு அது இன்னும் வலுத்தது. பார்சிலோனா நண்பரிடம் ஒரு தடவை கேட்டேன், வரி ஒப்பந்தம் கிடைத்திருந்தால் இவ்வளவு கொடி ஏறியிருக்குமா என்று. கோபித்துக்கொண்டார். அதற்குப் பதில் மட்டும் சொல்லவில்லை.

2017 அக்டோபர் 1 அன்று மாட்ரிட்டின் தடையை மீறி அங்கே பொதுவாக்கெடுப்பு நடந்தது. வாக்குச்சாவடிகளில் போலீஸ் தடியடி. அக்டோபர் 3 கட்டலோனியா முழுக்க நிறுத்தம். எங்கள் துறைக்குத் தலைவலி 4ஆம் தேதி காலையில் வந்தது: பார்சிலோனாவில் அன்று வராதவர்களுக்கு எந்தக் குறியீடு போடுவது? சிறிய சங்கங்கள் அதைப் பொது வேலைநிறுத்தம் என்று அறிவித்திருந்தன. இரண்டு பெரிய சங்கங்களும் அப்படிச் சொல்லாமல், நாடு தழுவிய நிறுத்தம் என்று வேறு பெயரில் ஆதரித்தன. வேலைநிறுத்தம் என்றால் அன்றைய சம்பளம் மட்டும் போகாது; வார விடுமுறையிலும் இரண்டு கூடுதல் சம்பளங்களிலும் அந்த நாளுக்குரிய பங்கு போகும். விடுப்பு என்று போட்டால் பிடித்தமே இல்லை. அரசியல் எதிர்ப்பு என்று ஒரு குறியீடு மென்பொருளில் கிடையாது. மாட்ரிட் மேலாளர் "சட்டப்படி பிடி" என்றார். பார்சிலோனா மேலாளர் "ரயிலே ஓடாதபோது எப்படி வருவார்கள்?" என்றார். கடைசியில் பாதிப் பேருக்கு விடுப்பு, எழுதிக் கொடுத்தவர்களுக்கு வேலைநிறுத்தம் என்று முடித்தோம். பிடித்தம்தான் வேண்டும் என்று பிடிவாதமாக எழுதிக் கொடுத்தவர்களும் உண்டு.

இதில் ஒரு வேடிக்கை. அன்றைக்கு நான் புரட்டிய வேலைநிறுத்தச் சட்டம் 1977 மார்ச்சில் போட்டது. முதல் சுதந்திரத் தேர்தல் நடந்தது அந்த வருடம் ஜூன் 15இல். ஆக, சர்வாதிகாரத்தின் கட்டடம் இன்னும் இடிபடாதபோது ஆணையாக வந்த சட்டம். 1981இல் அரசியல் சாசன நீதிமன்றம் சில பிரிவுகளைத் தள்ளியதோடு சரி. அதற்குப் பதிலாகப் புதிய சட்டம் எதையும் எந்தக் கட்சியும் நிறைவேற்றவில்லை.

அந்த அக்டோபரில் மாட்ரிட் மாடிகள் சிவப்பு மஞ்சள் கொடியால் நிறைந்தன. அதுவரை எங்கள் அலுவலகத்தில் தேசியவாதம் என்றால் பார்சிலோனாவுக்கும் பில்பாவோவுக்கும் வரும் நோய். தங்களிடம் அது கிடையாது, தாங்கள் சாசனத்தை மதிக்கும் சாதாரண மக்கள் என்று சொல்வார்கள். அதில் ஓரளவு நியாயம் உண்டு. நாற்பது வருடம் சர்வாதிகாரி பிடித்திருந்த கொடியைக் கூச்சமில்லாமல் தொட நிறையப் பேருக்கு முடியாமல்தான் இருந்தது. கழுகு போட்ட பழைய சின்னம் 1981இல்தான் கொடியிலிருந்து இறங்கியது. இப்போது அந்தக் கூச்சம் போய்விட்டது. அடுத்த வருடம் டிசம்பரில் தீவிர வலதுசாரியான வோக்ஸ் கட்சி ஆண்டலூசியச் சட்டமன்றத்தில் 12 இடம் பிடித்தது. 2019 நவம்பரில் நாடாளுமன்றத்தில் 52. 'அவர்கள்தான் தேசியவாதிகள்' என்று இரண்டு பக்கமும் சொல்லிக்கொண்டிருந்த இடத்தில் மூன்றாவதாக ஒருவன் வந்து 'நான் தேசியவாதிதான், அதிலென்ன?' என்றான்.

1978 சாசனத்தின் இரண்டாவது பிரிவை எனக்கு ஒரு வழக்கறிஞர் காட்டினார். ஸ்பானிய தேசத்தின் பிரிக்க முடியாத ஒற்றுமையும், தேசிய இனங்கள், பிராந்தியங்களின் தன்னாட்சி உரிமையும் ஒரே வாக்கியத்தில். ராணுவம் பார்த்துக்கொண்டிருக்க எழுதிய வாக்கியம். அது பார்த்துக்கொண்டுதான் இருந்தது என்பது 1981 பிப்ரவரி 23 அன்று தெரிந்தது. துணை ராணுவப் படை அதிகாரி தெஹேரோ ஆட்சியைக் கவிழ்க்கத் துப்பாக்கியோடு நாடாளுமன்றத்துக்குள் நுழைந்து சுட்ட குண்டுகளின் ஓட்டைகள் கூரையில் இன்றும் இருக்கின்றன. அப்படிப்பட்ட நேரத்தில் அதைவிடத் தெளிவாக எழுதியிருக்க முடியாது என்றுதான் நினைக்கிறேன். அதிலிருந்து பிறந்த 17 தன்னாட்சிப் பகுதிகளுக்கும் 17 விடுமுறைப் பட்டியல் போடும் கஷ்டம் என்னைப் போன்றவர்களுக்கு.

2019 அக்டோபர் 24 அன்று பிராங்கோவின் உடலை மாட்ரிட்டுக்கு வெளியே மலையில் உள்ள நினைவிடத்திலிருந்து எடுத்து ஹெலிகாப்டரில் கொண்டுபோய் மிங்கோருபியோ கல்லறையில் வைத்தார்கள். போரில் இறந்த 33 ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களின் எலும்புகள் இருக்கும் இடம் அந்த மலை நினைவிடம். கட்டியவர்களில் அரசியல் கைதிகளும் உண்டு. வேலை செய்தால் தண்டனை நாள் குறையும் என்ற ஏற்பாட்டில் வந்தவர்கள். அலுவலகத்தில் எல்லோரும் செல்போனில் நேரலை பார்த்தார்கள். ஒருவரும் வாயைத் திறக்கவில்லை. வீட்டில் யார் எந்தப் பக்கம் நின்றார்கள் என்பதைச் சக ஊழியரிடம் கேட்பது அங்கே மரியாதைக் குறைவு.

அதனால்தான், ஓய்வுபெறும் ஒருவர் தன் சமூகப் பாதுகாப்புப் பதிவேட்டை என் மேஜையில் வைத்தபோது நான் எதுவும் கேட்கவில்லை. அவராகச் சொன்னார். 1970களின் தொடக்கத்தில் தடை செய்யப்பட்ட தொழிற்சங்கத்தின் துண்டுப் பிரசுரம் கொடுத்ததற்காகக் கரபாஞ்செல் சிறையில் இருந்தவர். அந்த மாதங்கள் கணக்கில் சேருமா என்பது அவர் கேள்வி. சேரும். 1984இல் வந்த ஒரு சட்டம், அரசியல் குற்றங்களுக்கு 1977இல் கொடுத்த பொதுமன்னிப்புக்குள் வரும் குற்றங்களுக்காகச் சிறையில் கழித்த காலத்தை வேலை பார்த்த காலமாகவே எடுத்துக்கொள்ளச் சொல்கிறது. அதே பொதுமன்னிப்புதான் அவரை விசாரணையில் அடித்த போலீஸ்காரரையும் காப்பாற்றுகிறது. அப்போது அதைக் கேட்டு ஊர்வலம் போனதும் அவருடைய தோழர்கள்தான். சிறையில் இருப்பவர்கள் வெளியே வர வேண்டும் என்பதுதான் அன்றைக்கு முக்கியமாக இருந்தது.

"வேறு வழி இருந்ததா என்று இன்னும் தெரியவில்லை" என்றார். பிறகு கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, ஓய்வூதியக் கூட்டலை இன்னொரு தடவை போட்டுப் பார்க்கச் சொன்னார்.