சுழிப்பிழை

கோவையில் ஒரு பம்ப் நிறுவனத்தின் இன்ஸ்பெக்‌ஷன் பிரிவில் 11 ஆண்டுகள் வேலை பார்த்தேன். ஆவாரம்பாளையத்து லேத் பட்டறைகளிலிருந்து ஜாப் ஒர்க்காக வரும் ஷாஃப்ட்டுகளை, அதாவது சுழல் தண்டுகளை, மைக்ரோமீட்டர் என்ற அளவுக்கருவியால் அளந்து, தேறியதை உள்ளே அனுப்புவதும் தேறாததைத் திருப்புவதும் என் பொறுப்பு. 20 மில்லிமீட்டர் ஷாஃப்ட் 21 மைக்ரான் (ஒரு மைக்ரான் மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) வரை குறையலாம், கூடக் கூடாது. இம்மியும் பிசகாத அளவை எந்த இயந்திரமும் தராது என்பதால்தான் டாலரன்ஸ் என்று அந்த இடைவெளியைக் கொடுக்கிறார்கள்.

1973இல் பிபிசி ஒளிபரப்பிய ஜேக்கப் ப்ரனோவ்ஸ்கியின் 13 பகுதி ஆவணத் தொடரில் 11ஆம் பகுதியை அண்மையில் பார்த்தபோது, இதே பட்டறைச் சொல் காதில் விழுந்தது. ஒரு அணுத்துகளின் இடத்தையும் வேகத்தையும் ஒருசேரத் துல்லியமாக அறிய முடியாது என்று 1927இல் இயற்பியலாளர் ஹைசன்பர்க் வகுத்த நிச்சயமின்மைக் கோட்பாட்டை 'டாலரன்ஸ் கோட்பாடு' என்றே அழைக்கலாம் என்கிறார் அவர். ஆங்கிலத்தில் அச்சொல்லுக்குச் சகிப்புத்தன்மை என்றும் பொருள் உண்டு. கணிதம் படித்த ப்ரனோவ்ஸ்கி 1908இல் பிறந்தது இன்றைய போலந்தின் வூச் நகரில். நம்மூரைப் போலவே நூற்பாலைகளால் வளர்ந்து, நம்மூரைப் போலவே மான்செஸ்டர் என்று பட்டப்பெயர் வாங்கிய ஊர் அது.

பகுதியின் முடிவில், நாஜிகளின் ஆஷ்விட்ஸ் முகாமில் கொல்லப்பட்டவர்களின் சாம்பல் கொட்டப்பட்ட குட்டைக்குள் ஷூ காலோடு இறங்கி, சேற்றை ஒரு கை அள்ளுகிறார். அவருடைய குடும்பத்தார் பலர் மாண்ட இடம். தாம் நம்புவதைச் சோதித்துப் பார்க்கவே தேவையில்லை என்ற ஆணவம் செய்த வேலை இது என்கிறார். 1945இன் இறுதியில் நாகசாகியின் அழிவையும் நேரில் கண்டவர், அறிவியலைப் பழித்துவிட்டு எளிதாக ஒதுங்கியிருக்கலாம், ஒதுங்கவில்லை. மனிதர் மேல் அவர் வைத்த நம்பிக்கை, தம் தவற்றைத் தாமே கண்டு திருத்த அவர்களால் முடியும் என்ற ஒன்றைப் பிடித்துக்கொண்டு நிற்பதாக எனக்குப் பட்டது.

அதன் பக்கத்தில் வைக்கத் தகாத சிறு விஷயம்தான், ஆனாலும் நினைவுக்கு வந்தது. ஒருமுறை 60 ஷாஃப்ட்டுகளை அளவு கூடுதல் என்று மொத்தமாகத் தள்ளினேன். என் அப்பா வயதுடைய பட்டறைக்காரர், "ஏனுங்க தம்பி, ஒருக்கா உங்க மைக்ரோமீட்டரையும் பார்த்துப்போடுங்க" என்றார். பதில் சொல்லாமல் ரிஜெக்‌ஷன் சீட்டில் கையெழுத்திட்டேன். அவர் போன பிறகு மைக்ரோமீட்டரின் முனைகளைத் துடைத்துத் திருகி மூடினால், சுழியில், அதாவது பூஜ்யத்தில், நிற்க வேண்டிய கோடு 0.02இல் நின்றது. நான் 20.01 என்று எழுதியவையெல்லாம் உண்மையில் 19.99.

மறுநாள் நானே போன் செய்தேன். பழைய மொபெட்டில் மூட்டையைக் கட்டி வந்து இறக்கியவர், எதுவும் கேட்கவில்லை. சரிசெய்து வைத்திருந்த மைக்ரோமீட்டரை அவர் கையிலேயே கொடுத்தேன். துணியால் துடைத்து, மூடிச் சுழி பார்த்துவிட்டு, முதல் ஷாஃப்ட்டை எடுத்தார்.