தண்டனை குறித்து மட்டும்

மேல்முறையீட்டில் அமர்வு நீதிபதி, "குற்றத் தீர்ப்பையும் எதிர்த்து வாதிடுகிறீர்களா, தண்டனை குறித்து மட்டுமா?" என்று கேட்டால், நன்னடத்தைப் பிணைக்கு, அதாவது சிறைக்கு அனுப்பாமல் ஒழுங்காக நடப்பதாக எழுதி வாங்கிக்கொண்டு விடுவதற்கு, அவர் மனம் இசைந்திருக்கிறது என்றே குற்றவியல் வழக்கறிஞர்கள் எடுத்துக்கொள்வோம். அன்று நான் "தண்டனை குறித்து மட்டும்" என்றேன். பின்னால் நின்றிருந்த கட்சிக்காரரைத் திரும்பிப் பார்த்தபோது அவர் தலையசைத்தார். என்ன கேட்கப்பட்டது என்று புரிந்துதான் தலையசைத்தாரா என்பதில் எனக்கு இன்றுவரை தெளிவில்லை.

வரப்புத் தகராறில் பங்காளியின் கை எலும்பு முறிந்த வழக்கு அது. ஆபத்தான ஆயுதத்தால் கொடுங்காயம் விளைவித்ததாகக் காவல் துறை இந்திய தண்டனைச் சட்டத்தின் 326-ஆம் பிரிவில் குற்றம் சாட்டியிருக்க, மண்வெட்டி கைப்பற்றப்படாததால் நடுவர் அதை வெறும் கொடுங்காயத்துக்கான 325-ஆகக் குறைத்து ஓராண்டு கடுங்காவல் விதித்திருந்தார். ஆயுள் தண்டனை வரை விதிக்கத்தக்க 326 நிலைத்திருந்தால், 1958-ஆம் ஆண்டின் குற்றவாளிகள் நன்னடத்தைச் சட்டத்தில் இந்தப் பிணைக்கு வழிசெய்யும் 4-ஆம் பிரிவைப் பற்றிப் பேசவே இடமிருந்திருக்காது. அதே சட்டத்தின் 11-ஆம் பிரிவு, சிறைக்குப் பதிலாகப் பிணைமுறியில் விடும் அதிகாரத்தை மேல்முறையீட்டு நீதிமன்றத்துக்கும் தருகிறது. விசாரணை நீதிமன்றத் தீர்ப்புக்குப் பிறகுதான் ஒரு வட்டாரத்தில் இச்சட்டம் நடைமுறைக்கு வந்தது என்றாலும், மேல்முறையீட்டில் அதன் பலனை மறுக்கக் கூடாது என்று 1964-இல் ரத்தன் லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது. சட்டப்படி எல்லாம் கூடிவந்த நேரம் அது.

ஆனால் என் கட்சிக்காரரான அந்த இளைஞர், தான் அடிக்கவே இல்லை என்று முதல் நாளிலிருந்து சொல்லிவந்தவர். 4-ஆம் பிரிவோ, குற்றவாளி எனக் காணப்பட்டவருக்கு மட்டுமே பொருந்துவது. எக்ஸ்ரே எடுத்தவரை அரசுத் தரப்பு விசாரிக்கவில்லை, புகாரும் தாமதமாகத்தான் கொடுக்கப்பட்டது என்ற இரண்டு வாதங்கள் என் குறிப்பேட்டில் இருந்தன. எதிரே, கை முறிந்தவரே கூண்டேறிச் சொன்ன சாட்சியம் இருந்தது. காயம்பட்டவரின் சாட்சியத்தை நீதிமன்றங்கள் எளிதில் தள்ளுவதில்லை. விடுதலை கேட்டுத் தோற்றிருந்தால், பிறகு பிணைக்கு நீதிபதியின் மனம் அதே அளவு இசைந்திருக்குமா என்பது எனக்கு ஐயமாகவே இருந்தது.

நன்னடத்தை அலுவலரின் அறிக்கை வந்தது. அதன் சாரத்தை நீதிபதி படித்தபோது, "தம் செயலுக்கு வருந்துகிறார்" என்ற தொடர் காதில் விழுந்தது. வெளியே வந்ததும் கட்சிக்காரரிடம் விசாரித்தேன். "அந்தச் சண்டை நடந்திருக்கக் கூடாதுன்னு சொன்னேன் சார்," என்றார். இரண்டுக்கும் இடையே உள்ள தூரத்தை அலுவலர் கவனிக்காமல் எழுதினாரா, நல்ல எண்ணத்தில் எழுதினாரா என்று சொல்வதற்கில்லை. அந்தத் தொடர் இல்லாவிட்டால் உத்தரவு வேறு மாதிரி அமைந்திருக்கலாம் என்பதால், நானும் அதைத் திருத்த முற்படவில்லை.

நன்னடத்தைப் பிணையில் விடுதலை, 5-ஆம் பிரிவின்படி காயம்பட்டவருக்கு இழப்பீடு. பிணைமுறியில் கையெழுத்திட்டு முடித்த பிறகுதான் கட்சிக்காரர் கேட்டார்: "அப்ப நான் அடிச்சேன்னு ஆயிடுச்சா சார்?"

12-ஆம் பிரிவை விளக்கினேன். குற்றத் தீர்ப்பால் வரும் தகுதியிழப்பு இவருக்கு நேராது என்றேன், அது சரிதான். தீர்ப்பே அழிந்துவிடாது என்பதையும் சொன்னேன், சற்றுத் தாழ்ந்த குரலில். அவர் காவலர் தேர்வுக்குப் படித்துக்கொண்டிருந்தவர். சந்தேகத்தின் பலனைக் கொடுத்து விடுவிக்கப்பட்டவரையும் குற்ற வழக்கில் தொடர்புடையவராகவே கருதும் விளக்கம் தமிழ்நாட்டுக் காவலர் பணி விதிகளில் உண்டு என்பதால், வென்றிருந்தாலும் அந்த வேலை கிடைத்திருக்காது என்று எனக்கு நானே சொல்லிக்கொள்வதுண்டு. அவர் என்னிடம் கேட்டது வேலையைப் பற்றி அல்லவே என்பதும் உடனே நினைவுக்கு வரும்.

இழப்பீட்டைப் பெற வந்த பங்காளியும் நிறைவாக இல்லை. "ஒரு நாள்கூட உள்ள இருக்கலையே," என்று அரசு வழக்கறிஞரிடம் குறைபட்டுக்கொண்டார். முதன்முறைக் குற்றவாளியைச் சிறைக்கு அனுப்பிப் பழக்கப்பட்ட குற்றவாளியாக்கக் கூடாது என்ற சட்டத்தின் நோக்கத்தில் எனக்கு முழு நம்பிக்கை உண்டு. அந்த நோக்கம் அன்று நிறைவேறியது என்றும் சொல்வேன். கிராமத்தில் ஒருவன் அடித்தவனாகவும் மற்றவன் ஏமாந்தவனாகவும் வீடு திரும்பினார்கள் என்பதும் உண்மை.

இப்போதெல்லாம் நீதிபதி அதே கேள்வியைக் கேட்டால், பாஸ் ஓவர் (வழக்கைச் சற்று நேரம் கழித்து எடுத்துக்கொள்ள அனுமதி) வாங்கிக்கொண்டு கட்சிக்காரரைத் தாழ்வாரத்துக்கு அழைத்துச் சென்று, எதை விட்டுக்கொடுக்கிறோம் என்பதை விளக்குகிறேன். பெரும்பாலும் எல்லாரும், "நீங்க பாத்துச் செய்யுங்க சார்," என்றே சொல்கிறார்கள். நான் உள்ளே போய், தண்டனை குறித்து மட்டும் வாதிடுவதாகச் சொல்கிறேன்.