ஒரே பிரார்த்தனை, பல டேக்குகள்

சின்ன பட்ஜெட்டில் எடுத்த ஒரு பரிசோதனைப் படத்தை எடிட் செய்து முடித்திருக்கிறேன். கதை ஒரு வரிதான். பிரார்த்தனையில் ஒரு சொல் தவறிவிட்டதோ என்று பயந்து, ஒருவன் மறுபடி மறுபடி முதலிலிருந்து தொடங்குகிறான். போகப் போக, தன்னை யாரோ கண்காணிக்கிறார்கள் என்ற எண்ணமும் சேர்ந்துகொள்கிறது.

வேலைக்கு முன் இந்த நிலையைப் பற்றிப் படித்தேன். மனநல மருத்துவத்தில் ஸ்க்ரூப்யுலாசிட்டி என்பார்கள். ஓசிடி எனப்படும் எண்ணச் சுழற்சி நோயின் ஒரு வடிவம். பக்தி இங்கே நோயல்ல, 'சரியாகச் செய்தேனா?' என்ற ஓயாத சந்தேகம்தான் நோய். திரும்பச் செய்தால் பயம் கொஞ்சம் அடங்கும், அப்புறம் இன்னும் பலமாக வரும். இது புரிந்ததும், அவனைப் பைத்தியக்காரனாகக் காட்டும் ஷாட்டுகள் வேண்டாம் என்று இயக்குநரிடம் சொன்னேன். பார்ப்பவருக்கும் அதே சந்தேகம் வர வேண்டும்.

பிரார்த்தனைக் காட்சிதான் நிறைய நாள் பிடித்தது. ஒரு டேக்கின் முகத்தோடு இன்னொரு டேக்கின் குரலைச் சேர்த்தேன். நொடிக்கு 24 ஃப்ரேம் ஓடும் படத்தில் குரல் இரண்டு மூன்று ஃப்ரேம் பிந்தினால், என்ன தவறு என்று பலருக்குச் சொல்லத் தெரியாது. ஏதோ சரியில்லை என்று மட்டும் உறுத்தும். முக்கியமான ஒரு சொல்லின் மேல் இருமலை வைத்தோம். சொன்னானா, விழுங்கிவிட்டானா? எத்தனை முறை பார்த்தாலும் தெரியாது. பிரெஞ்சு வீராங்கனை ஜோன் ஆஃப் ஆர்க்கின் விசாரணையை 1928-இல் வெளியான படமாக எடுத்த இயக்குநர் கார்ல் டிரையரைப் போல, நாங்களும் நடிகருக்கு ஒப்பனை போடவில்லை. அதனால் டேக்குக்கு டேக் முகத்தில் வியர்வை கூடிக் குறைந்தது. அந்தத் தாவலை மறைக்காமல் விட்டேன்.

முடிவுக்கு மட்டும் பெரிய வாக்குவாதம். பயம் வந்தாலும் சடங்கைத் திரும்பச் செய்யாமல், அந்தப் பயத்தோடு இருக்கப் பழக்குவதுதான் இதற்கான முக்கிய சிகிச்சைகளில் ஒன்று. கடைசி ஷாட்டில் அவன் அதைத்தான் செய்கிறான். இயக்குநர் புன்னகை கேட்டார். பயம் அவ்வளவு சீக்கிரம் விடாது என்று சொல்லி, புன்னகைக்கு முன்பே வெட்டினேன். பிறகு அவரும் ஒத்துக்கொண்டார்.

ஒலிகளையெல்லாம் ஒன்றுசேர்க்கும் மிக்ஸிங்கில் இன்னொரு தீர்மானம் எடுத்தோம். காலி அறைக்கும் ஒரு ஒலி உண்டு. அந்த ரூம் டோனைத் தனியாகப் பதிவு செய்து, வெட்டு தெரியாமலிருக்க அடியில் ஓடவிடுவது வழக்கம். அவன் பயப்படும் இடங்களில் அதை அப்படியே உருவிவிட்டோம். யாரோ மூச்சை அடக்கி ஒட்டுக்கேட்பது போலிருந்தது. முழு மௌனமாக விட்டால் ஸ்பீக்கர் கோளாறு என்று தியேட்டரில் நினைப்பார்கள் என்பதால், அவன் சட்டை உரசும் சத்தத்தை மட்டும் வைத்துக்கொண்டோம்.