ரீல் கேட்கிறார்கள், ஆல்பம் கேட்பதில்லை

கல்யாண போட்டோ எடுப்பதுதான் என் தொழில். இப்போதெல்லாம் ஆர்டர் பேச வருகிறவர்கள் என்ன கேமரா, எத்தனை ஷீட் ஆல்பம் என்று கேட்பதில்லை, பந்தியில் இலை போடுவதற்குள் ரீல் வந்துவிடுமா என்றுதான் கேட்கிறார்கள். அதற்காகவே போனை நிமிர்த்திப் பிடித்தபடி ஒரு பையன் எங்களோடு வருகிறான். தாலி கட்டும் நேரத்தில் அவன் ஒரு பக்கம், சொந்தக்காரர்களின் போன்கள் இன்னொரு பக்கம், நடுவில் கிடைக்கிற சந்தில் மாப்பிள்ளையின் கை தெரிந்தால் சரி.

2013 மே மாதம் அமெரிக்காவில் சிகாகோ சன்-டைம்ஸ் நாளிதழ் தன் போட்டோகிராபர்கள் அத்தனை பேரையும், புலிட்சர் பரிசு வாங்கிய ஜான் வைட் உட்பட, வேலையை விட்டு அனுப்பிவிட்டு, நிருபர்களுக்கு ஐபோனில் படம் எடுக்கப் பயிற்சி கொடுத்தது. கல்யாண வீட்டில் எங்களை யாரும் அப்படி அனுப்பவில்லை. ஆனால் கேட்கிற வேலை மாறிவிட்டது. 2016-ல் இன்ஸ்டாகிராமில் ஸ்டோரி வந்தது, 24 மணி நேரத்தில் மறைந்துவிடும். நாங்கள் எடுப்பதில் பாதி இன்று அதற்குத்தான் போகிறது.

எனக்கு வருத்தம் ரீல் மேல் இல்லை. நல்ல ரீல் எடுக்கவும் கண் வேண்டும், வெளிச்சம் தெரிய வேண்டும். வருத்தமெல்லாம் அதில் வராத ஆட்களைப் பற்றித்தான். பழைய ஆல்பத்தில் மேடையேறி மொய்க் கவர் கொடுத்த ஒவ்வொருவரும் இருப்பார்கள். வீட்டில் ஒரு சாவு விழுந்தால் மாலை போட்டு மாட்ட நல்ல படம் இருக்காது, அந்த ஆல்பத்தைத் தூக்கிக்கொண்டு ஸ்டுடியோவுக்கு வருவார்கள். குரூப் போட்டோவில் ஓரமாக நிற்கிற அப்பத்தாவின் முகத்தை மட்டும் பிரித்து, தோள்மேல் விழுந்திருக்கும் பக்கத்து ஆளின் கையை அழித்து, பின்னால் நீல நிறம் கொடுத்துப் பெரிதாக்கித் தருவோம். பல வீடுகளில் அந்த அம்மாவுக்கு இருக்கிற ஒரே நல்ல படம் அதுதான். இன்று போனில் ஆயிரக்கணக்கில் படம் இருக்கிறது, போன் தொலைந்தால் போச்சு, வாட்ஸ்அப்பில் வந்ததைப் பெரிதாக்கினால் முகம் கலைந்துவிடுகிறது.

அதனால் ஆர்டர் எடுக்கும்போதே சொல்லிவிடுகிறேன். ரீல் கண்டிப்பாக உண்டு, அப்புறம் காலையில் கூட்டம் சேர்வதற்கு முன் பெரியவர்களை ஒவ்வொருவராக உட்காரவைத்து எடுக்க அரைமணி நேரம் கொடுங்கள். அதற்குத் தனியாகக் காசு வாங்குவதில்லை.