அலைக்கோட்டோடு ஒரு பெயர்ப்பதிவு

என் மகன் பெயர் ஃபான்ஷ். ரோமன் எழுத்தில் ஐந்தே எழுத்துகள். நடுவில் நிற்கும் 'என்' எழுத்தின் தலையில் ஒரு சிறிய அலைக்கோடு உண்டு. அந்தக் கோட்டைப் பிறப்புப் பதிவேட்டில் ஏற்றுவதற்குள் எங்களுக்குப் போதும் போதும் என்றாகிவிட்டது. பிரான்சின் மேற்கு மூலையில், பிரித்தானியில், பிள்ளைக்குப் பிரெத்தோன் மொழிப் பெயர் வைக்க நினைக்கும் எவரும் மேரியின், அதாவது நகராட்சி அலுவலகத்தின், படியேறுவதற்கு முன் இதைப் படித்துவிட்டுப் போக வேண்டும்.

முதலில் பெயரைப் பற்றி. ஃபிரான்சுவா என்ற பிரெஞ்சுப் பெயருக்குப் பிரெத்தோனில் ஃபிரான்செஸ். அதைச் செல்லமாகச் சுருக்கினால் ஃபான்ஷ். ஜோசப் 'ஜோப்' ஆவதைப் போல, ஃபிரான்சுவாஸ் என்ற பெண் 'சோவாஸ்' ஆவதைப் போல, வீட்டிலும் வயலிலும் துறைமுகத்திலும் புழங்கித் தேய்ந்து உருவான பெயர். தலையில் இருக்கும் அலைக்கோடு அழகுக்குப் போட்டதல்ல. 'என்' எழுத்தைத் தனியாக ஒலிக்காதே, முன்னால் உள்ள உயிரொலியை மூக்கால் இழுத்துச் சொல் என்பது அதன் கட்டளை. கோட்டை எடுத்துவிட்டால் பிரெத்தோன் தெரிந்தவர் வேறு விதமாகத்தான் வாசிப்பார்.

என் மனைவியின் ஊர் ஃபினிஸ்தேர் பக்கம். அவளுடைய தாத்தாவை ஊரே ஃபான்ஷ் என்றுதான் கூப்பிட்டது. ஆனால் அவருடைய பிறப்புப் பதிவில், ராணுவப் புத்தகத்தில், கடைசியில் கல்லறைக் கல்லில்கூட ஃபிரான்சுவா. அவர் ஒருவருக்கு நேர்ந்ததல்ல இது. 1803ஆம் ஆண்டுச் சட்டம், நாட்காட்டிகளில் உள்ள பெயர்களையும் பழைய வரலாற்றில் அறியப்பட்டவர்களின் பெயர்களையும் மட்டுமே பதிவேட்டில் ஏற்க அனுமதித்தது. 1966இல் வந்த ஓர் அறிவுறுத்தல்தான் வட்டாரப் பெயர்களுக்குக் கதவைச் சற்றுத் திறந்தது. பெற்றோர் விரும்பிய பெயரை வைக்கலாம் என்று சட்டம் தெளிவாகச் சொன்னது 1993 ஜனவரியில். அதற்கு முன் லெ கோர்னிக் குடும்பம் பட்ட பாட்டைப் பிரித்தானியில் இன்றும் சொல்வார்கள். பிரெத்தோன் பெயர் வைத்த பிள்ளைகளை அரசு பதிய மறுத்தது. அந்தப் பிள்ளைகள் காகிதத்தில் பிறக்கவே இல்லை. அவர்களுக்கான குடும்ப உதவித்தொகையும் வரவில்லை. பெற்றோர் ஆண்டுக்கணக்கில் நீதிமன்றம் ஏறினார்கள்.

"தாத்தாவுக்குக் காகிதத்தில் கிடைக்காதது இவனுக்குக் கிடைக்க வேண்டும்" என்றாள் மனைவி. எனக்கும் அதில் மறுபேச்சு இல்லை. நான் புதுச்சேரிக் குடும்பத்துப் பிள்ளை. 1881ஆம் ஆண்டு ஆணையின்படி எங்கள் முன்னோர் ஒருவர் பிரெஞ்சுச் சட்டத்தின் கீழ் வரக் கையெழுத்திட்டு, குடும்பப் பெயர் ஒன்றையும் பதிந்துகொண்டார். அன்று எழுத்தர் தன் காதில் விழுந்தபடி எழுதியதைத்தான் இன்றுவரை எங்கள் கடவுச்சீட்டுகளில் சுமக்கிறோம். பதிவேட்டில் ஒருமுறை விழுந்த எழுத்து எத்தனை தலைமுறைக்கு ஒட்டிக்கொள்ளும் என்பது எங்கள் வீட்டில் எல்லாருக்கும் தெரியும்.

2022இல் பிரசவம். மருத்துவமனையில் எந்தக் குறையும் இல்லை. பிரசவம் நடந்ததற்கான மருத்துவச் சான்றைக் கையோடு கொடுத்தார்கள். அடையாள அட்டைகள், குடும்பப் புத்தகம் எல்லாம் சரியாக இருந்தன. மேரியின் பிறப்புப் பதிவுக் கவுண்டரில்தான் கதை ஆரம்பித்தது.

எழுத்தர் பெண்மணி மரியாதைக்குக் குறைவு வைக்கவில்லை. வாழ்த்துச் சொன்னார், விவரங்களைத் தட்டச்சு செய்தார், வரைவைத் திருப்பி என் பக்கம் நீட்டிப் பேனாவையும் வைத்தார். பார்த்தால், பெயர் மொட்டையாக இருக்கிறது. கோடு இல்லை.

முதல் எச்சரிக்கை இங்கேதான். கையெழுத்திடும் முன் பதிவை வாசித்துப் பார்க்கச் சொல்வது அதிகாரியின் கடமை; குடிமைச் சட்டத்தின் 38ஆம் பிரிவு அதைச் சொல்கிறது. குழந்தை பிறந்த பூரிப்பில், தூக்கமில்லாத கண்களோடு, பலர் வாசிக்காமலே கையெழுத்திட்டுவிடுகிறார்கள். அதன் பிறகு திருத்த வேண்டுமானால் அது தனி வழக்கு, தனி அலைச்சல். ஒவ்வொரு எழுத்தாக விரல் வைத்து வாசியுங்கள்.

கோடு எங்கே என்று கேட்டேன். "அது பிரெஞ்சு எழுத்து இல்லை, மிசியே" என்றார். 2014 ஜூலை 23ஆம் தேதிச் சுற்றறிக்கை ஒன்றை எடுத்து வைத்தார். பதிவேட்டில் எந்தெந்தக் குறிகளைப் போடலாம் என்று அதில் ஒரு பட்டியல் உண்டு. சாய்கோடுகள், கூரைக்குறி, இரட்டைப் புள்ளி, 'சே' எழுத்தின் வால் எல்லாம் இருக்கின்றன. ஒய் எழுத்தின் மேல் இரட்டைப் புள்ளிகூட இருக்கிறது. சில ஊர்ப் பெயர்களில் தவிர அதைப் பிரெஞ்சில் தேடித்தான் பிடிக்க வேண்டும். அதற்கு இடம் உண்டு. ஒரு வட்டாரமே நாள்தோறும் எழுதும் அலைக்கோட்டுக்கு இல்லை. அதைப் பார்த்தபோது வந்த கோபம் இன்னும் அடங்கவில்லை.

நான் வெறுங்கையோடு போகவில்லை. ரென் நகர மேல்முறையீட்டு நீதிமன்றத்தின் 2018 நவம்பர் 19ஆம் தேதித் தீர்ப்பை அச்செடுத்து வைத்திருந்தேன். பின்னணி தெரியாதவர்களுக்கு: 2017 மே மாதம் கேம்பேர் நகரில் பிறந்த ஒரு குழந்தைக்கு இதே பெயரை வைத்தார்கள். வழக்கு நீதிமன்றம் போனது. அந்த ஆண்டு செப்டம்பரில் கேம்பேர் நீதிமன்றம், இந்தக் குறியை ஏற்பது நாட்டின் ஒற்றுமையையும் பிறப்பிடம் பாராத சமத்துவத்தையும் காக்கும் விருப்பத்தை முறிப்பதாகும் என்ற பொருளில் தீர்ப்பளித்துக் கோட்டை நீக்கச் சொன்னது. ஒரு குழந்தையின் பெயரில் உள்ள கோடு நாட்டின் ஒற்றுமையை எப்படி முறிக்கும் என்று பிரித்தானியே கொதித்தது. ரென் நீதிமன்றம் அதைப் புரட்டிப்போட்டது. அலைக்கோடு பிரெஞ்சுக்குப் புதிதல்ல, பிரெஞ்சு அகராதிகளிலேயே அது இருக்கிறது, இதே பெயர் கோட்டோடு முன்பே பதிவாகியும் இருக்கிறது என்று சொன்னது. அரசுத் தரப்பு மேலே போனது. 2019 அக்டோபரில் பாரிஸ் உச்ச மன்றம் அந்த முறையீட்டைத் தள்ளியது.

இங்கே பலர் சறுக்குகிறார்கள். உச்ச மன்றமே கோட்டை அனுமதித்துவிட்டது என்று கவுண்டரில் சொல்லாதீர்கள். அது நடைமுறைக் குறை ஒன்றைக் காட்டித்தான் முறையீட்டைத் தள்ளியது. கோட்டைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. விவரம் தெரிந்த அதிகாரி ஒரு நிமிடத்தில் உங்கள் வாயை அடைத்துவிடுவார். நிற்கிற தீர்ப்பு ரென் நகரத்துடையது. அதைத்தான் பிடித்துக்கொள்ள வேண்டும்.

எழுத்தர் உள்ளே போய் மேலதிகாரியை அழைத்து வந்தார். அவர் வேறொரு ஆயுதத்தோடு வந்தார். 2021 ஏப்ரலில் வட்டார மொழிகளுக்கான சட்டம் நாடாளுமன்றத்தில் நிறைவேறியது. வட்டார மொழிக் குறிகளைப் பிறப்புப் பதிவுகளில் அனுமதிக்கும் பிரிவு ஒன்று அதில் இருந்தது. சட்டங்கள் அரசமைப்புக்குப் பொருந்துகின்றனவா என்று பார்க்கும் அரசமைப்புச் சபை மே 21ஆம் தேதி அந்தப் பிரிவை வெட்டியது. குடியரசின் மொழி பிரெஞ்சு என்னும் அரசமைப்பின் 2ஆம் பிரிவுக்கு அது முரண் என்பது காரணம். "சபையே முடியாது என்ற பிறகு நான் எப்படி எழுத முடியும்?" என்றார்.

நியாயமான கேள்விதான். பதிலை வீட்டிலேயே யோசித்து வைத்திருந்தோம். வெட்டப்பட்டது புதிய பிரிவு. ரென் தீர்ப்பு அந்தப் பிரிவை நம்பி எழுதப்பட்டதல்ல. அந்தப் பிரிவு வருவதற்கு இரண்டாண்டுக்கும் மேல் முன்னரே வந்தது. அதோடு, குடிமைச் சட்டத்தின் 57ஆம் பிரிவு, பெற்றோர் தேர்ந்த பெயரை உடனே பதியச் சொல்கிறது; ஆட்சேபணை இருந்தால் அதிகாரி அதன் பிறகு அரசு வழக்கறிஞருக்குத் தெரிவிக்கலாம். "இப்போது பதியுங்கள், பிறகு அவருக்கு எழுதுங்கள்" என்றேன். "முதலில் அவருக்கு எழுதுகிறேன், பதில் வந்ததும் வாருங்கள்" என்றார் அவர்.

இந்த வலையில் மட்டும் விழுந்துவிடாதீர்கள். பிறப்பைப் பதிய, பிறந்த நாளைக் கணக்கில் சேர்க்காமல், ஐந்து நாள்தான் அவகாசம். அது கடந்தால் அதிகாரி தாமாகப் பதிய முடியாது. நீதிமன்றத் தீர்ப்பு வேண்டும். பதிலுக்குக் காத்திருந்தால் கோட்டோடு பிள்ளையின் பதிவும் தொங்கலில் போய்விடும். அப்படிக் காத்திருக்கச் சொல்வதை எழுத்தில் தரும்படி கேட்டேன். அவர் தரவில்லை. எழுத்தில் தருவதற்குத் தயங்கும் மறுப்பு தளர்ந்துகொடுக்கும் மறுப்பு என்பது அன்று புரிந்தது. அன்றைக்குக் கையெழுத்தில்லாமல் திரும்பி, இருவரும் ஒப்பமிட்ட கடிதத்தில் தீர்ப்பின் தேதியையும் 57ஆம் பிரிவையும் குறிப்பிட்டு, அவகாசம் முடிவதற்குள் மறுபடி போனோம். ஒரு நகலில் பெற்றுக்கொண்ட முத்திரை போடச் சொன்னேன். போட்டார்கள்.

இந்த முறை மேலதிகாரி நீண்ட நேரம் தொலைபேசியில் பேசிவிட்டு வந்து, பதிந்துவிடுங்கள், வழக்கறிஞருக்குத் தகவல் போகும் என்றார். உடனே அடுத்த தடை. எழுத்தர் விசைப்பலகையைப் பார்த்துக் கையை விரித்தார்: "என் கணினியில் அந்த எழுத்தே இல்லை." பக்கத்து மேசையில் இருந்த இளைஞர் எழுந்து வந்தார். பிரெஞ்சு விசைப்பலகையில் இரண்டாம் எண் விசையின் ஓரத்தில் அந்த அலைக்கோடு அச்சிட்டே இருக்கிறது. இடைவெளி விசைக்கு வலப்புறம் உள்ள 'ஆல்ட் ஜிஆர்' விசையோடு அதை அழுத்தினார். திரையில் ஒன்றும் தோன்றவில்லை. பிறகு 'என்' விசையைத் தட்டினார். கோட்டைத் தலையில் சூடிக்கொண்டு எழுத்து வந்து நின்றது. மென்பொருளும் முரண்டு பிடிக்காமல் ஏற்றுக்கொண்டது. எழுத்தரே அச்சுத் தாளை எடுத்து, "இதோ உங்கள் ஃபான்ஷ்" என்று மூக்கால் சரியாக ஒலித்து நீட்டினார். அவரும் பிரெத்தோன் வீட்டுப் பெண்தான் போலிருக்கிறது. நான் வாசித்தேன், மனைவி வாசித்தாள், கையெழுத்திட்டேன்.

பதிவின் முழு நகல்களைக் கையோடு கேட்டு வாங்குங்கள். கட்டணம் கிடையாது. குடும்பப் புத்தகத்திலும் கோடு ஏறியிருக்கிறதா என்று அங்கேயே நின்று பாருங்கள். எங்களுடையதில் விட்டுப்போயிருந்தது, உடனே திருத்தினார்கள்.

பிறகு வழக்கறிஞரின் கடிதத்துக்கான காத்திருப்பு. கோட்டை நீக்கக் கோரி அவர் எங்கள்மேல் வழக்குப் போடலாம். தபால்பெட்டியைத் திறக்கும்போதெல்லாம் மாமியாருக்குக் கை நடுங்கும். கடைசியில் வந்தது இரண்டு வரிக் கடிதம்: மேல்நடவடிக்கை எடுக்கும் எண்ணமில்லை. மாமியார் அதைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுப் பத்திரப்படுத்தியிருக்கிறார்.

அந்த நாள்களில் என்னை மிகவும் உறுத்தியது பெயரின் பொருள்தான். ஃபிரான்சுவாவுக்கும் ஃபான்ஷுக்கும் வேர் ஒன்றே: ஃபிராங்க் இனத்தவன், பிரான்சுக்காரன் என்று பொருள். அசிசியின் புனித பிரான்சிஸுக்கு ஞானஸ்நானப் பெயர் ஜொவான்னி. துணி வணிகரான அவருடைய தந்தைக்குப் பிரான்சின்மீது பற்று அதிகம். அதனால் மகனைப் பிரான்சுக்காரன் என்ற பொருளில் பிரான்செஸ்கோ என்று அழைத்தார். அந்தப் பெயர் துறவிகள் வழியாக ஐரோப்பா முழுதும் பரவி, பிரித்தானிக்கும் வந்து, அங்குள்ள நாவில் இப்படித் திரிந்தது. பிரான்சுக்காரன் என்று பொருள்படும் பெயரைப் பிரெஞ்சு அல்ல என்று தள்ளுவதை எப்படி ஏற்றுக்கொள்வது? லொராந் நுன்யெஸ் குடும்பப் பெயரில் இதே எழுத்தோடு 2018இல் அரசின் இணையமைச்சராகப் பதவியேற்றார். அவருக்கு எவரும் கோட்டை அழிக்கச் சொல்லவில்லை.

மற்ற அலுவலகங்களோடு இன்னும் மல்லுக்கட்டுகிறோம். மருத்துவக் காப்பீட்டுக் கடிதங்களில் கோடு வருவதில்லை. நகல் அனுப்பியும் மாறவில்லை. பணம் ஒழுங்காக வருவதால் அதை இப்போதைக்கு விட்டுவிட்டோம். அடையாள அட்டையை விட முடியாது. முதலில் வந்த அட்டையில் பெயர் மொட்டையாக இருந்தது. பதிவின் நகலை இணைத்துத் திருப்பிக் கொடுத்து, மறுவிண்ணப்பம் போட்டிருக்கிறோம். கவுண்டரில் விண்ணப்பச் சுருக்கம் ஒன்றைக் காட்டுவார்கள். கோடு அதிலேயே இல்லையென்றால் அட்டையிலும் வராது. அந்த இடத்திலேயே நிறுத்திக் கேளுங்கள்.

கடவுச்சீட்டு எடுக்கும்போது பதற வேண்டாம். அடியில் இயந்திரம் வாசிக்கும் இரு வரிகளில் எந்த நாட்டவருக்கும் குறிகள் வராது. பன்னாட்டு விதிப்படி அந்த எழுத்து அங்கே வெறும் 'என்' ஆகவோ, அதனுடன் இரண்டு எக்ஸ் சேர்ந்தோதான் அச்சாகும். விமான டிக்கெட்டில் அந்த வரியில் உள்ளபடியே பெயரைக் கொடுங்கள்.

ஏற்கெனவே கோடில்லாமல் பதிந்துவிட்டவர்கள் மேரிக்கு அலைவதில் பயனில்லை. பிறந்த ஊருக்குரிய அரசு வழக்கறிஞருக்குத் திருத்தம் கேட்டு, ஒப்புகை அட்டையுடன் பதிவுத் தபாலில் எழுதுங்கள். ரென் தீர்ப்பின் நகலை இணையுங்கள். மேரியில் கோட்டோடு கேட்டதற்கான முத்திரையிட்ட கடிதம் கையில் இருந்தால் அதையும் சேர்த்து அனுப்புங்கள்.